குர்ட் கெரோன்

நாடகத்திலும் படக்காட்சியிலும் தலைவனாகவும் தலைவியாகவும் தோன்றுவோரின் பெயரே மக்கள் நாவில் நிலைபெறுகின்றது. அவர்க்குத் துணையாய் வந்து, இரண்டொரு காட்சியில் நின்று, சிரிப்பையோ சினத்தையோ விளைத்துவிட்டு மறைவோரை நினைப்பார் அரியர். கல்லூரி ஆண்டுவிழா நாடகத்திற்கு வேடம் பங்கிடுங்கால் தலைவன் வேடத்தை விரும்பிப் பதின்மர் வருதலும், கடன்காரன் வேடத்திற்கு ஒருவரையுங் காணாமல் ஆசிரியர் விடுதியறைதோறும் ஆள் தேடித் திரிதலும் நம்மில் யாவரும் அறிந்தனவே. ஜெர்மனியில் பேசும்படம் தோன்றி வளர்ந்த நாளில் வழக்கறிஞன், மருத்துவன், சூதாட்ட மன்றத் தலைவன், மாயவித்தைக்காரன் என்னும் இத்தகைய வேடங்களையே தமக்கு உரியனவாகக் கொண்டு, அவற்றாலேயே பெரும்பெயர் எய்தியவர் குர்ட் கெரோன் என்பவர். அவர் எய்திய பெயரே பின்னர் அவர்க்கு வலையாயிற்று.

அவர் 1897-ஆம் ஆண்டு மே மாதம் 11-ஆம் நாள் பெர்லின் மாநகரில் ஒரு யூத வணிகர் குடும்பத்தில் ஒரே மகனாய்ப் பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் குர்ட் கெர்சோன். கெரோன் என்பது பின்னாளில் அரங்கிற்காகத் தாமே மாற்றிக்கொண்டது. மருத்துவம் பயிலத் தொடங்கிய காலம் முதல் உலகப்போர்க் காலம். ஜெர்மானிய இளைஞர் பலரையும் போலவே கெரோனும் போர்க்களம் புகுந்து, கடும் புண்பட்டு மீண்டார். கற்ற மருத்துவத்தைக் கொண்டு எஞ்சிய போர்க்காலத்தில் படை மருத்துவப் பணியும் ஆற்றினார். அப்புண்ணின் விளைவாக உடலின் சுரப்பிகள் நிலைகுலைந்தமையாற்றான் மேனி பருக்கலாயிற்று என்பர். பிற்காலத்தில் ஜெர்மனி முழுவதும் கண்டு கண்டு நகைத்த அப்பெருவயிறு, ஜெர்மனிக்காகப் போரிட்டுப் பெற்ற ஊனம் என்பதை நகைத்தோருள் எத்துணைப் பேர் அறிந்திருந்தனரோ!

போர் முடிந்தபின் அவர் மருத்துவத்திற்குத் திரும்பினாரல்லர். 1920-ஆம் ஆண்டளவில் பெர்லினில் கபரே எனப்படும் சிற்றரங்குகள் மலிந்திருந்தன. மக்கள் மேசைகளைச் சூழ்ந்தமர்ந்து பருகிக்கொண்டிருக்க, மேடையில் ஒருவர் பின் ஒருவராக வந்து பாட்டும் நையாண்டியும் நிகழ்த்துவர். அங்கே நடிப்போன் கூட்டத்தைத் தன் குரலொன்றினாலேயே அடக்கியாள வேண்டும். அரைக்கணம் தளர்ந்தால் மேசைப் பேச்சு மேலெழுந்துவிடும். கெரோனுக்கு இதுவே கல்லூரியாயிற்று. ட்ரூடே ஹெஸ்டர்பர்க் என்னும் பாடகியார் நடத்திய ‘காட்டு மேடை’யில் நடித்தார், நாடகப் பேராசான் மாக்ஸ் ரைன்ஹார்ட்டின் அரங்குகளிலும் இடம்பெற்றார். மௌனப்படங்களிலும் எண்ணிறந்த சிறுவேடங்கள் அவரை நாடி வந்தன. 1925-இல் வெளிவந்த ‘வரியேத்தே’ என்னும் புகழ்பெற்ற படத்திலும், 1929-இல் பாப்ஸ்ட் இயக்கிய ‘நெறிதவறிய பெண்ணின் நாட்குறிப்பு’ என்னும் படத்திலும் அவரைக் காணலாம். ஆயினும் மௌனப்படம் அவரிடம் வேண்டியது உடலை மட்டுமே; அவரது பெருஞ்செல்வமாகிய குரல் அங்கே பயனற்றுக் கிடந்தது.

அக்குரலை உலகம் முதன்முதற் செவிமடுத்த நாள் 1928-ஆம் ஆண்டு ஆகஸ்டு 31. அன்று பெர்லினில் ஷிப்பவுவர்டாம் அரங்கில், பெர்ட்டோல்ட் பிரெக்ட் சொல்லெழுதிக் குர்ட் வைல் இசையமைத்த ‘முக்காசு இசைநாடகம்’ அரங்கேறிற்று. லண்டன் நகரத்துத் திருடரையும் இரவலரையும் பற்றிய அந்நாடகத்தில், திருடனுக்குத் தோழனாகிய காவற்றலைவன் ‘புலி’ பிரவுன் வேடம் கெரோனுடையது. அதனோடு மற்றொரு சிறு வேலையும் அவர்மேல் விழுந்தது. அரங்கேற்றத்திற்குச் சில நாட்களே எஞ்சியிருந்தபோது, திருடனாகிய தலைவனை அவையோர்க்கு அறிமுகம் செய்ய ஒரு பாட்டு வேண்டும் என்று பிரெக்டும் வைலும் விரைந்து ஒன்றை ஆக்கினர். நம் நாட்டுச் சந்தைகளில் கொலைச்சிந்து பாடி அச்சிட்ட தாளை விற்போர் இருந்தாற்போல, ஜெர்மானியச் சந்தைகளிலும் கொலைச் செய்திகளைப் படமாக எழுதித் தொங்கவிட்டுக் கோலாற் சுட்டிப் பாடுவோர் இருந்தனர். அப்பாட்டுக்கு ‘மோரிட்டாட்’ என்று பெயர். புதிய பாட்டு அம்முறையில் அமைந்தது. தெருப்பாடகனாக நின்று அதனைப் பாடியவர் கெரோன். கையாற் சுழற்றும் இசைப்பெட்டி முதலடிகளில் ஒலிக்க மறுத்துவிட்டதாகவும், வெறுங்குரலாலேயே அவர் தொடங்கினார் என்றும் சொல்லுவர். குளிர்ந்து ஊடுருவும் சற்றே கரகரத்த குரலில், கொலைகளை ஒவ்வொன்றாக, விலைப்பட்டியல் படிப்பவன் போல் அவர் அடுக்கிய திறம் பெர்லினைக் கவர்ந்தது. பின்னாளில் அமெரிக்காவில் லூயி ஆம்ஸ்ட்ராங் 1955-இலும், பாபி டாரின் 1959-இலும் ஆங்கிலத்திற் பாடி உலகெங்கும் பரப்பிய பாட்டு இதுவே. அதற்கு முதற்குரல் தந்தவர் யார் என்று அவற்றைக் கேட்டோர் வினவியதாகத் தெரியவில்லை. 1931-இல் அந்நாடகம் பேசும்படமாக வந்தபோதும் அவ்விரு வேடங்களும் வேறிருவர்க்கே போயின. துணை நடிகரின் நிலை இத்தன்மைத்து.

ஜெர்மனியில் 1929-ஆம் ஆண்டில் பேசும்படம் வேர்கொண்டது. மௌனப்படத்தில் முகத்தாற் புகழ்பெற்ற பலர் வாய்திறந்ததும் அவையோர் ஏமாற்றமுற்றனர். ஒலிவாங்கியோ அந்நாளில் மிகக் கடுமையான ஆசான். மெல்லக் கூறியதை விழுங்கிவிடும், உரக்கக் கூவியதைச் சிதைத்துவிடும். எனவே படநிலையங்கள் சொற்றெளிவும் பாட்டும் காலவுணர்வும் வாய்ந்த கபரே நடிகரை நாடி ஓடின. கெரோனின் காலமும் பிறந்தது.

அவரது நடிப்பிற் சிறந்ததைக் காண விழைவோர் 1930-இன் ‘நீலத் தேவதூதன்’ என்னும் படத்தைக் காணல் வேண்டும். ஹைன்ரிக் மன் எழுதிய புதினத்தைத் தழுவி, ஊபா நிறுவனத்திற்காக எரிக் பொம்மர் தயாரிக்க, ஜோசப் பான் ஸ்டெர்ன்பர்க் இயக்கினார். கடுமையுடையவரும் மதிப்புக்குரியவருமாகிய பள்ளியாசிரியர் ஒருவர் மதுவிடுதிப் பாடகி ஒருத்திமேற் கொண்ட காதலால் வேலையும் மானமும் இழந்து, இறுதியில் மேடைக் கோமாளியாகி மடிகின்ற கதை. ஆசிரியராக எமில் யானிங்சும், பாடகியாக மார்லீன் டீட்ரிச்சும் நடித்தனர். கெரோன் ஏற்றது கீபெர்ட் என்னும் மாயவித்தைக்காரன் வேடம். அக்கூத்துக் குழுவின் முதலாளியும் அவனே.

அப்படத்தில் கதவு திறக்குந்தோறும் மேடைப்பாட்டு அறைக்குள் புகுந்து நிறைவதும், மூடியதும் அறவே அடங்குவதும் அந்நாளில் புதுமையாகப் பேசப்பட்டன. அக்கதவின் வழியாகவே கீபெர்ட்டும் வந்து போகிறான். ஆசிரியர் முதன்முதல் விடுதிக்குள் நுழையும்போது அவருடைய பட்டத்தைக் கேட்டு வளைந்து வணங்குபவனும் அவனே. அவர் கையிற் பணம் தீர்ந்தபின் தூண்டிலிற் பட்ட மீனை இழுப்பதுபோல் மேடைக்கு இழுப்பவனும் அவனே. பழைய ஊருக்கே குழுவைத் திரும்பக் கொணர்ந்து, அவரிடம் ஒருகாற் பயின்ற மாணாக்கரும் உடன்வாழ்ந்த ஊராரும் காண, அவர் மூக்கினின்று முட்டையை வரவழைத்து அவர் தலைமேலேயே உடைத்து, சேவல்போற் கூவெனப் பணிக்கின்றான். இக்காட்சியில் அவையோர் கண்கள் யாவும் யானிங்சின்மேலேயே பதிந்திருக்கும், இருப்பதுதான் முறை. ஆயின் மறுமுறை காண்போர் கெரோனைக் காணட்டும். அவர் முகத்திற் பகைமை சிறிதும் இல்லை. மண்டபம் நிறைந்ததே என்னும் வணிகனின் மகிழ்ச்சியும், காட்சி கெட்டுவிடுமோ என்னும் பதற்றமுமே உள்ளன. கீபெர்ட்டைக் கொடியவனாக நடித்திருந்தால் எளிதாக இருந்திருக்கும். தொழிலில் முனைந்த ஒருவனாக நடித்தமையாலேயே அக்கொடுமை நம்மை நடுங்கச் செய்கிறது. யானிங்சின் அழுகைக்கு உயிரூட்டியது கெரோனின் வணிகப் புன்னகையே என்பது என் துணிபு.

அந்நாளிற் குரலை மொழிமாற்றிப் பொருத்தும் முறை தேறாமையால், ஒரே அரங்கமைப்பில் ஜெர்மானிய மொழியிலும் ஆங்கிலத்திலுமாக இப்படத்தை இருமுறை எடுத்தனர். நடிகரும் இருமொழியிலும் பேசினர். 1930 ஏப்ரல் 1-ஆம் நாள் பெர்லினில் படம் முதன்முதற் காட்டப்பட்டது. அன்றிரவே மார்லீன் டீட்ரிச் அமெரிக்காவுக்குப் புறப்பட்டார். கெரோன் பெர்லினிலேயே தங்கினார். அவருக்கு அங்கே வேலை மலைபோற் குவிந்திருந்தது.

அதே ஆண்டில் ‘பெட்ரோல் நிலையத்து மூவர்’ என்னும் இசைநகைப்படம் வந்து பெருவாரியாகப் பொருளீட்டிற்று. பொருளிழந்த நண்பர் மூவர் பெட்ரோல் நிலையம் நடத்தும் அக்கதையில் கெரோன் வழக்கறிஞர். மறு ஆண்டில் வந்த ‘மாண்டிகார்லோமீது குண்டுகள்’ என்ற படத்திற் சூதாட்ட மன்றத் தலைவர். இவற்றுள் அவர் வரும் காட்சிகள் சிலவே. ஆயினும் அவை ஒவ்வொன்றிலும் படம் சற்று விரைந்தோடுகிறது. பின்னர் அவர் தாமே படமியக்கவும் தொடங்கி, 1931 முதல் 1933 வரை ஊபா நிறுவனத்தின் விரும்பத்தக்க இயக்குநருள் ஒருவரானார். 1932-இல் ஜெர்மனியில் ஏறத்தாழ அறுபது இலட்சம் பேர் வேலையற்றிருந்தனர். அவ்வாண்டில் அவர் இயக்கிய ஒரு நகைப்படத்தின் பெயர் ‘மீண்டும் நலமாகிவிடும்’ என்பது. போதைப்பொருட் கடத்தலைப் பற்றிய ‘வெள்ளைப் பேய்’ என்னும் படமும் அவ்வாண்டினதே. அதில் தலைவன் ஹான்ஸ் ஆல்பர்ஸ்.

எண்வகை மெய்ப்பாட்டுள் நகையை முதற்கண் வைத்த தமிழிலக்கணம், நகை பிறத்தற்குரிய நிலைக்களங்களுள் எள்ளலையும் ஒன்றாகக் கூறுகிறது. எள்ளல் பிறரை எள்ளுவதாலும் பிறக்கும், பிறரால் எள்ளப்படுவதாலும் பிறக்கும் என்று உரையாசிரியர் கூறுவர். கெரோன் இவ்விரண்டையும் ஒருங்கே செய்தார். தம் மேனியைப் பிறர் எள்ள இடங்கொடுத்து, அந்நகை அடங்குமுன்பே அந்நகைத்தோரைத் தம் நாவால் எள்ளினார். ஆனால் ஒருவன் தானே விரும்பித் தன்னை எள்ளவிடுவதும், அதிகாரமுடையோர் அவனைப் பிடித்து நிறுத்தி எள்ளுவதும் வேறு வேறு. 1933-இல் ஜெர்மனியில் அவ்வேறுபாடு அழிந்தது.

அவ்வாண்டு ஜனவரி 30-இல் ஹிட்லர் ஆட்சித் தலைவரானார். மார்ச்சு 29-ஆம் நாள் ஊபா நிறுவனத்தின் ஆட்சிக்குழு கூடித் தன் யூதப் பணியாளரை விலக்கத் தீர்மானித்தது. அரசு இன்னும் அவ்வாறு பணித்திருக்கவில்லை என்பது குறிக்கத்தக்கது. ஏப்ரல் 1-ஆம் நாள், நாடெங்கும் யூதர் கடைகளின் முன் காவல் நிறுத்தப்பட்ட அதே நாளில், கெரோன் தாம் இயக்கிக்கொண்டிருந்த படத்தின் அரங்கத்தினின்றும் வெளியேற்றப்பட்டார். விளக்குகள் எரிந்துகொண்டிருந்தன, நடிகர் வேடத்தோடு நின்றிருந்தனர். எஞ்சிய காட்சிகளை வேறொருவர் எடுத்து முடித்தார். ‘நீலத் தேவதூதன்’ முதற்காட்சி நிகழ்ந்து அன்றைக்குச் சரியாக மூன்றாண்டு.

மனைவி ஓல்காவோடும் பெற்றோரோடும் அவர் பாரிசு நகரடைந்தார். அங்கே இரண்டொரு படங்கள். பின்னர் ஆஸ்திரியாவில் ஒன்று. 1935-இல் ஹாலந்து சென்று, அறியாத மொழியிலேயே மூன்று படங்களை இயக்கினார். அவற்றுள் 1936-இன் ‘மெரைன்ட்யே கைசனின் இளமை’ ஹாலந்து மக்களால் நன்கு வரவேற்கப்பட்டது. அமெரிக்காவிலிருந்த பழைய தோழர்கள், சிறப்பாகப் பீட்டர் லோர்ரே, அவரை அங்கே வரவழைக்க முயன்றனர் என்பர். அவர் செல்லவில்லை. ஹாலந்து முதற்போரில் நடுநிலை காத்த நாடு. மீண்டும் காக்கும் என்று நம்பினவர் அவர் ஒருவரல்லர்.

1940 மே 10-ஆம் நாள் ஜெர்மானியப் படை ஹாலந்துக்குட் புகுந்தது. அதே ஆண்டில் பெர்லினில் ‘நிலைபேறுடைய யூதன்’ என்னும் இழிந்த பரப்புரைப் படம் வெளிவந்தது. யூதரைப் புழுவெனவும் எலியெனவும் காட்டிய அப்படத்தில், முன்னாளிற் கெரோன் நகைச்சுவைக்காக நடித்த துண்டுகளை வெட்டியொட்டி, யூதன் இத்தன்மையன் என்று உரைத்தனர். நகைக்கவென்று கொடுத்த முகத்தை வெறுக்கவென்று காட்டினர். பீட்டர் லோர்ரே நடித்ததும் அவ்வாறே எடுத்தாளப்பட்டது. ஆனால் லோர்ரே அப்பொழுது கடலுக்கு அப்பால் இருந்தார்.

ஆம்ஸ்டர்டாமில் யூதர்க்கென ஒதுக்கப்பட்ட அரங்கிற் கெரோன் சிலகாலம் நடித்தார். 1942-இல் அவ்வரங்கையே மூடி, நாடுகடத்தப்படுவோரை அடைக்கும் பட்டியாக்கினர். 1943-இல் அவர் பெற்றோர் சொபிபோர் என்னும் கொலைக்களத்திற்கு அனுப்பப்பட்டனர், மீளவில்லை. அவ்வாண்டே கெரோனும் மனைவியாரும் வெஸ்டர்போர்க் முகாமை அடைந்தனர். அம்முகாமில் ஒரு விந்தை உண்டு. பெர்லின் அரங்குகளில் ஒளிவிட்ட மாக்ஸ் ஏர்லிக், வில்லி ரோசன் முதலிய சிறந்த யூதக் கலைஞர் பலர் அங்கே அகப்பட்டிருந்தமையால், முகாமின் தலைவன் அவர்களைக் கொண்டு நகைக்கூத்து நடத்துவித்து முதல் வரிசையில் அமர்ந்து களித்தான். கிழக்கே செல்லும் வண்டியோ பெரும்பாலும் செவ்வாய்தோறும் புறப்பட்டுக்கொண்டேயிருந்தது.

1944 பிப்ரவரியில் கெரோன் தெரேசியன்ஸ்டாட்டுக்கு மாற்றப்பட்டார். பிராகு நகருக்கு வடக்கேயுள்ள பழைய கோட்டை ஊர் அது. முதியோர், முதற்போரில் ஊனமுற்றோர், பெயர்பெற்றோர் ஆகியவர்க்கு உரிய இடம் என்று நாஜிகள் அதனைப் பெருமையாகக் கூறினர். உண்மை வேறு. ஏறத்தாழ 1,40,000 பேர் அதனுட் கொணரப்பட்டனர். அவருள் 33,000-க்கு மேற்பட்டோர் பசியாலும் நோயாலும் அங்கேயே இறந்தனர். ஏறத்தாழ 88,000 பேர் கிழக்கேயுள்ள கொலைக்களங்களுக்கு அனுப்பப்பட்டனர். அங்கும் கெரோன் ‘கருசெல்’ என்னும் கபரேயை நிறுவினார். ‘முக்காசு இசைநாடக’ப் பாட்டுக்கள் மீண்டும் ஒலித்தன. பசித்தோர் கூட்டம் அதைக் காண முண்டியடித்தது.

அவ்வாண்டு ஜூன் 23-ஆம் நாள் செஞ்சிலுவைச் சங்கத்தார் பார்வையிட வந்தனர். அதற்கு முன்னரே நெருக்கத்தைக் குறைக்க 7,500 பேரை ஆஷ்விட்சுக்கு அனுப்பிவிட்டு, சுவர்க்குச் சுண்ணம் தீட்டி, மலர்ச்செடி நட்டு ஊரை அணிசெய்திருந்தனர். வந்தோர் நம்பிச் சென்றனர். இவ்வெற்றியைப் படமாக்கிவிட வேண்டும் என்று எஸ்.எஸ். அதிகாரிகள் விழைந்தனர். ஜெர்மனியின் தேர்ந்த இயக்குநருள் ஒருவர் அவர்கள் கைக்குள்ளேயே இருந்தார். முகாம் தலைவன் கார்ல் ராம் கெரோனை அழைத்துப் பணித்தான்.

ஆகஸ்டு 16 முதல் செப்டம்பர் 11 வரை படம் எடுக்கப்பட்டது. பிராகிலிருந்து வந்த செக் நாட்டார் படக்கருவியை இயக்கினர். ஆற்றில் நீந்துவோர், படைவீட்டு முற்றத்திற் பந்தாடுவோர், தோட்டத்திற் காய்கறிக்கு நீர் வார்ப்போர், நூலகத்தில் ஏடு புரட்டுவோர், கேரல் ஆன்செர்ல் நடத்திய இசைக்குழு ஆகிய இவை காட்சிகள். கெரோன் பக்கம் பக்கமாகக் குறிப்பெழுதினார். ஒவ்வொரு காட்சிக்கும் முன்வரைவு செய்தார். கூட்டத்தின்முன் நின்று சிரியுங்கள் என்று இரந்தார், சில வேளை சினந்தும் கூவினார். உயிர்தப்பிய சிலர் இதனை இறுதிவரை பொறுக்கவில்லை. அவரோ மறுத்தால் உடனே மடிவார்; இது தெளிவு. படம் நடக்கும் நாளெல்லாம் அதில் நடிப்போர் உயிரோடிருப்பர் என்று அவர் எண்ணியிருக்கலாம். அந்நாட்களிற் கிழக்கு நோக்கிப் பெருவண்டிகள் புறப்படாமல் நின்றதும் உண்மையே. ஆயினும் அச்சம் ஒன்றே அக்குறிப்புக்களை எழுதுவித்தது என்று யான் நம்பவில்லை. பதினோராண்டுகளுக்கு முன் அரங்கத்தினின்று விரட்டப்பட்ட ஒருவர்க்கு மீண்டும் படக்கருவி கிடைத்தது. அவர் கை தன் தொழிலை நினைவுகூர்ந்துவிட்டது. கீபெர்ட்டாக நடிக்குங்கால் மண்டபம் நிறைதலையும் காட்சி கெடாமையையுமே எண்ணிய அம்முகம் ஈண்டு எனக்கு நினைவுக்கு வருகிறது. அவரைக் குற்றமற்றவர் என்று போற்ற என் உள்ளம் ஒருப்படவில்லை. ஆனால் அவர் நின்றவிடத்தில் ஒரு நாளும் நில்லாத நம்மனோர் நீதிபதியின் இருக்கையில் ஏறுவது அதனினும் தகாது. குற்றம் யாருடையது என்பதிலோ ஐயம் சிறிதுமில்லை, பணித்தவருடையது.

படம் எடுத்து முடிந்தபின் வண்டிகள் மீண்டும் புறப்பட்டன. செப்டம்பர் 28 முதல் அக்டோபர் 28 வரை பதினொரு வண்டிகளில் 18,000-க்கு மேற்பட்டோர் ஆஷ்விட்சுக்கு அனுப்பப்பட்டனர். மாக்ஸ் ஏர்லிக்கும் வில்லி ரோசனும் அவ்வண்டிகளிற் சென்றனர். கடைசி வண்டியிற் கெரோனும் ஓல்காவும் ஏற்றப்பட்டனர். அவரைப் போலவே பருத்த மேனியும், முதற்போரிற் பெற்ற புண்ணும், ஜெர்மானியப் பேசும்படத்தில் நகைப்புகழும் உடைய ஆட்டோ வால்பர்க் என்னும் நடிகரும் அதே வண்டியில் இருந்தார். ஆஷ்விட்சை அடைந்ததும் மூவரும் நச்சுப்புகை அறையிற் கொல்லப்பட்டனர். கெரோனுக்கு வயது நாற்பத்தேழு. சில நாட்களுக்குள் அங்கே நச்சுப்புகையாற் கொல்லுதல் நிறுத்தப்பட்டது.

அவர் எடுத்த படத்தை வேறொருவர் தொகுத்து 1945 மார்ச்சில் முடித்தார். அயலார் சிலர்க்கு மட்டும் அது காட்டப்பட்டது. மே மாதத்திற் போர் முடிந்துவிட்டது. இன்று எஞ்சியுள்ளவை ஏறத்தாழ இருபது நிமிடத் துண்டுகளே. அவற்றுள் ஒன்றில் ஹான்ஸ் கிராசா இயற்றிய ‘புருண்டிபார்’ என்னும் சிறார் இசைநாடகத்தின் இறுதிப்பாட்டைக் குழந்தைகள் வரிசையாய் நின்று வாய்நிறையப் பாடுகின்றனர். கிராசாவும் அக்குழந்தைகளுட் பெரும்பாலோரும் அவ்வக்டோபர் மாத வண்டிகளிற் சென்றனர்.